இரண்டாவது பக்கம்

காகிதத்தில் இரண்டு பக்கங்கள் இருக்கின்றன. மேனேஜர் பரந்தாமன் முதல் பக்கத்தை மட்டும்தான் படிக்கிறார். நிதானமாகப் படிக்கிறார், டிக்டேஷன் போடும் வாத்தியாரைப்போல ஒவ்வொரு சொல்லுக்கும் இடம் விட்டு, நவநீதம் ஆகிய நான், காலஞ்சென்ற சம்பங்கியின் மனைவி, மேற்படி தோல் தொழிற்சாலையில் என் கணவர் பதினோரு ஆண்டுகளாக. குரல் என் காதுக்குள் இருக்கிறது. எதிரே அசையும் வாயைவிடக் கிட்டத்தில் இருக்கிறது. அவர் சட்டையின் இரண்டாவது பொத்தானுக்குக் கீழே நான் குத்திவிட்ட சின்ன மைக், அவர் எச்சில் விழுங்குவதைக்கூட எனக்கு அனுப்பிக்கொண்டிருக்கிறது. அவருக்கு எதிரே உட்கார்ந்திருக்கும் நவநீதத்தின் புடவைத் தலைப்பில் இன்னொன்று. மேசைக்கு மேலே கம்பில் தொங்குவது மூன்றாவது. மடியில் ரெக்கார்டர், தலையில் ஹெட்போன், முதுகுக்குப் பின்னால் சுவர். இடப்பக்கம், கையை நீட்டினால் தொடும் தூரத்தில், கேமராவுக்குப் பின்னால் உல்ரிக்கே குனிந்திருக்கிறார். அறுபத்திரண்டு வயது ஜெர்மன்காரர். இந்த ஊருக்கு வந்து மூன்று வாரத்தில் கற்றுக்கொண்ட தமிழ் நாலு சொல்: வணக்கம், தண்ணி, சூடு, போதும். அவருக்குச் சத்தமும் நான்தான், தமிழும் நான்தான். ஆனால் படம் ஓடும்போது தமிழ் கூடாது. என்ன பேசுகிறார்கள் என்று அப்போதே தெரிந்துவிட்டால் கண் அர்த்தத்தின் பின்னால் ஓடிவிடும், முகத்தைப் பார்க்காது என்பார். அர்த்தமெல்லாம் சாயங்காலம், லாட்ஜ் அறையில், பதிவை ஓடவிட்டு நான் வரி வரியாகச் சொல்ல அவர் நோட்டில் எழுதிக்கொள்ளும்போது. சாயங்காலம் என்றால் ஏழு மணி. இப்போது மூன்று பத்து. அதுவரைக்கும் இந்த அறையில் இரண்டாவது பக்கம் தெரிந்தவன் பரந்தாமனுக்கு அடுத்து நான் ஒருவன்.

தெரிந்திருக்க வேண்டியதில்லை. மைக்கைக் குத்தியவுடன் அணைத்து வைத்திருக்கலாம். நான் அணைப்பதில்லை, பாட்டரி தீர்ந்தாலும் பரவாயில்லை என்று ஓடவிடுவேன், பழக்கம். மைக் குத்தியிருப்பதை ஆட்கள் ஐந்து நிமிடத்தில் மறந்துவிடுவார்கள். கக்கூஸுக்குக்கூட அதோடு போவார்கள். படிக்க உட்காருவதற்கு முன்னால் பரந்தாமன் வராந்தாவுக்குப் போனார். செருப்புச் சத்தம், தூரத்தில் தோல் சுற்றும் டிரம்மின் உறுமல், போன் அடிக்கும் சத்தம், பிறகு அவர் குரல், வக்கீலிடம். "ரெண்டாவது பக்கத்துலதான் சார் மேட்டரே. குடிச்சிட்டு, ட்யூட்டி இல்லாத நேரத்துல, யாரும் சொல்லாம தானா எறங்குனான்னு. அத்தப் படிக்க மாட்டேன் சார், மொதல் பக்கம் மட்டும் படிச்சிக் காட்டிட்டு ரேகை வாங்கிடறேன். இல்ல, அதுக்குப் படிக்கத் தெரியாது. தம்பிக்காரனுக்குத் தெரியும், அவன் நம்ம ஆளு ஆயிட்டான். ஆமா சார், அந்த வெள்ளைக்காரம்மா படம் புடிக்கட்டும், நல்லதுதான். அழுது சிரிச்சு தானா கைநாட்டு வெச்சிச்சுன்னு நாளைக்கு நம்ம கிட்ட ஒரு சாட்சி." அதுக்கு என்றார். மாட்டைச் சொல்வதுபோல அதுக்கு. திரும்பி வந்து உட்கார்ந்து என்னைப் பார்த்துச் சிரித்தார். நானும் சிரித்தேன். ஏன் சிரித்தேன் என்று இருபது நிமிடமாக யோசிக்கிறேன். காதில் ஹெட்போனோடு இருக்கிறவனைப் பார்த்து ஒருவர் சிரித்தால் அவன் சிரித்துவிடுகிறான், அவ்வளவுதானோ என்னவோ. அவர் சிரிப்புக்கு ரெக்கார்டரில் சத்த அளவு காட்டும் ஊசி துள்ளியது, அது பதிவில் இருக்கும். என் சிரிப்பு பதிவில் இல்லை. எனக்கு மைக் இல்லை.

சம்பங்கி குடித்திருக்கவில்லை. கார்த்திகை முதல் தேதி மாலை போட்டவர். கறுப்பு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு டிரம் வாயில் குனிந்து ஈரத்தோலை இழுத்துப் போட்டுக்கொண்டிருந்ததை நாங்கள் ஒரு பகல் முழுக்கப் பிடித்திருக்கிறோம். குனியும்போதெல்லாம் கழுத்து மணிமாலை இரும்பு விளிம்பில் தட்டும். டக் டக். முதலில் மைக்கில் ஏதோ கோளாறு என்று நினைத்தேன். அப்புறம் தெரிந்ததும் அந்தச் சத்தத்துக்காகவே கம்பைக் கொஞ்சம் இறக்கிப் பிடித்தேன். டீ வேளையில் பக்கத்தில் வந்து நின்றார். "சாமி, இத்த காதுல மாட்டினா இன்னா சாமி கேக்கும்?" கிறிஸ்தவன் என்று சொல்லலாமா என்று யோசித்து, மாலை போட்டவருக்கு எல்லாரும் சாமிதானே என்று விட்டுவிட்டேன். ஹெட்போனை அவர் தலையில் வைத்தேன். டிரம் சுற்றுவதைக் கேட்டார். கேட்டுவிட்டு வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். "அடங்கப்பா, இம்மா சத்தத்துலயா நாங்க கீறோம்!" பதினோரு வருடம். அதற்கு மூன்றாம் நாள் சனிக்கிழமை காலை, ஷிஃப்டில், சூப்பர்வைசர் அடைப்பு எடுக்கச் சொல்லிக் கழிவுத் தொட்டிக்குள் இறங்கினார். தொழிற்சாலையில் எல்லாருக்கும் தெரியும், யாரும் சொல்ல மாட்டார்கள். நாங்கள் அன்றைக்கு ஆற்றங்கரையில் உல்ரிக்கேவுக்குப் பிடித்த வெளிச்சத்துக்காகக் காத்திருந்தோம். அவரைத் தூக்கிக்கொண்டு வந்தபோது கழுத்தில் மாலை இல்லையாம். சேற்றுக்குள் அறுந்து போயிருக்கும்.

உல்ரிக்கேவின் விதிகள் கொஞ்சம்தான். கேட்காதே, சொல்லாதே, உதவாதே, திரும்பச் செய்யச் சொல்லாதே. மேசை நாற்காலி மாதிரி இரு. யாராவது உன்னைப் பார்த்தால் பதிலுக்குப் பார்க்காமல் தலையைக் குனிந்து மெஷினைப் பார், கொஞ்ச நேரத்தில் அவர்கள் பார்வை போய்விடும். இது திமிரில் வந்த விதி இல்லை. இருபத்தாறு வயதில் எடுத்த முதல் படத்தில், மூடப்போகிற சுரங்கத்திலிருந்து கடைசி நாள் வெளியே வந்த ஒருவரை, வெளிச்சம் சரியில்லை, இன்னொரு தடவை உள்ளே போய்விட்டு வாருங்கள் என்று கேட்டாராம். மனுஷன் போய்விட்டு வந்தார். முதல் தடவை சும்மா வந்தவர் இரண்டாம் தடவை அழுதுகொண்டே வந்தாராம். அந்த அழுகையைப் படத்தில் வைத்தேன், எல்லாரும் பாராட்டினார்கள், அந்த ஆளை நான் பொய்யராக்கிவிட்டேன் எபி என்றார் என்னிடம், லாட்ஜில், இட்லியைக் கையால் பிய்த்துக்கொண்டு. அதற்கப்புறம் முப்பத்தாறு வருடம் யாரிடமும் எதையும் கேட்டதில்லை. முதியோர் இல்லத்தில் ஒரு வருடம், சிறைக்கு வெளியே பார்வையாளர் வரிசையில் ஒரு குளிர்காலம். வேறு சேனல்காரர்களுக்கும் நான் வேலை செய்திருக்கிறேன். இறந்த வீட்டில் தாயாரிடம் மைக்கை நீட்டி எப்படி உணர்கிறீர்கள் என்று கேட்பவர்கள். அவர்களுக்குப் பிறகு உல்ரிக்கேவின் பக்கத்தில் உட்காருவது கை கால் கழுவிக்கொண்ட மாதிரி இருந்தது. ஒரே ஒரு தடவை விதியை மீறினேன். இரண்டாவது வாரம், தோல் சீவுகிற மெஷினில் ஒரு கிழவர் விரல்களை பிளேடு ஓரம் வரைக்கும் கொண்டுபோனார். "கை!" என்று கத்திவிட்டேன். கிழவர் மெஷினை நிறுத்தி என்னைத் திரும்பிப் பார்த்தார். "இருவது வருசமா இந்தக் கையிதான் தம்பி போய்ட்டு வருது. நீ உன் டேப்ரெக்கார்டரப் பாரு." எல்லாரும் சிரித்தார்கள். பதினேழு நிமிடம் ஓடின ஷாட் அங்கேயே செத்தது. உல்ரிக்கே கண்ணாடியைக் கழற்றி, சட்டை நுனியால் ஒரு பக்கம் துடைத்தார், மறு பக்கம் துடைத்தார், மாட்டிக்கொண்டார். திட்டியிருந்தால் மறந்திருப்பேன். அந்தத் துடைப்பு போக மாட்டேன் என்கிறது. பல் தேய்க்கும்போது வருகிறது, பஸ்ஸில் வருகிறது. இப்போதும் அதோ, ஒரு பக்கம், மறு பக்கம்.

முதல் பக்கம் தீர்ந்துகொண்டிருக்கிறது. மேற்படி நிர்வாகம் ஈமச்சடங்குக்கு முழு ஒத்துழைப்பும் உதவியும். "சார்" என்கிறாள் நவநீதம். அறைக்குள் வந்ததிலிருந்து இது மூன்றாவது தடவை. "அவரு மாலை போட்டிருந்தாரு சார். அது எழுதியிருக்குதா?" "எழுதியிருக்கும்மா. எல்லாம் எழுதியிருக்கு." "ஊருல பேசிக்கிறாங்கோ சார். குடிச்சிட்டு உளுந்துட்டான்னு. எங்க மாமியாரே கேக்குது, மாலைய அவுத்துட்டுக் குடிச்சானாடின்னு. அது மட்டும் கரீட்டா எழுதிடுங்க சார். எனக்கு வேற ஒண்ணும் வோணாம்." வேறு ஒன்றும் வேண்டாம் என்பதை அவள் வாயால் சொல்லவைக்க வக்கீல் எத்தனை பக்கம் எழுதியிருப்பான். பரந்தாமன் காகிதத்தை இறக்கி அவளைப் பார்க்கிறார். நல்ல மனுஷர்போல இருக்கிறது முகம். நல்ல மனுஷர்தானோ என்னவோ, வீட்டில். "என்னம்மா நீ. சம்பங்கி எனக்குத் தெரியாதவனா? எத்தினி வருசம்? தப்பா எழுதுவனா? கோதண்டம், சொல்லுப்பா உங்க அக்காவுக்கு." தம்பி கோதண்டம் அவளுக்குப் பின்னால் நிற்கிறான். நீலச் சட்டை, தோளில் பட்டை, கம்பெனி பேர். போன வாரத்திலிருந்து கேட்டில் செக்யூரிட்டி. சட்டையில் கடையில் மடித்த மடிப்பு இன்னும் போகவில்லை. "சாருதான் சொல்றாருல்லக்கா" என்கிறான். சொல்லும்போது அக்காவைப் பார்க்கவில்லை, பரந்தாமனையும் பார்க்கவில்லை, சுவரில் காலண்டரைப் பார்க்கிறான். எட்டாம் வகுப்பு வரைக்கும் படித்தவன், நின்ற இடத்திலிருந்து காகிதம் அவனுக்குத் தெரியும். உல்ரிக்கேவின் வலது கை மெல்ல நகர்கிறது. லென்ஸ் கோதண்டத்தின் முகத்துக்குப் போகிறது, நிற்கிறது, திரும்புகிறது. ஒரு சொல் புரியாமல் அவருக்கு எப்படித் தெரிகிறது? அவர் சொல்வது சரிதான், கண் தனியாக வேலை செய்கிறது. காதுதான் கெட்ட உறுப்பு. காது புரிந்துகொண்டுவிடுகிறது.

சொல்லிவிடலாம். ஒரு வரிதான். ரெண்டாவது பக்கத்தையும் படிக்கச் சொல்லுங்கம்மா. இவ்வளவுதான். இதில் குற்றச்சாட்டுகூட இல்லை, போனில் கேட்டேன் என்றுகூடச் சொல்ல வேண்டாம். வாய்க்குள் வைத்துப் பார்க்கிறேன். ரெண்டாவது பக்கத்தையும். நாக்கு சரியாகத்தான் மடங்குகிறது. சொன்னால் என்ன ஆகும் என்று பார்க்கிறேன். பரந்தாமன் சிரிப்பார், எபி தம்பி நீ சத்தம் புடிக்க வந்தியா வக்கீல் வேலை பாக்க வந்தியா என்பார். ஷாட் சாகும். நாளைக்கு கேட்டைத் திறக்க மாட்டார்கள், படமே நின்றுபோகும், மூன்று வாரம். ஒரு பக்கம், மறு பக்கம். சட்டை நுனி. ஆனால் அது மட்டும் இல்லை. நான் பேசினால் அது யார் பேசுவது? பதினான்கு வருடம் இதே ஊரில் தோல் வாங்க வரும் ஜெர்மன்காரர்களுக்கும் முதலாளிகளுக்கும் நடுவில் உட்கார்ந்து மொழிபெயர்த்திருக்கிறேன். மொழிபெயர்க்கிறவன் நான் என்று சொன்னால் அது எதிரே இருக்கிறவருடைய நான். நான் இந்த விலைக்குத் தர முடியாது. நான் உங்கள் தண்ணீர் சுத்தம்செய்யும் நிலையத்தைப் பார்க்க வேண்டும். நான் சத்தியமாகச் சொல்கிறேன், இங்கே யாரும் கையுறை இல்லாமல் வேலை செய்வதில்லை. எத்தனை பேருடைய சத்தியத்தை என் வாயால் செய்திருக்கிறேன். இந்த அறையிலேயே, இந்தப் பரந்தாமனுக்காகவே, ஏழெட்டு வருடத்துக்கு முன்னால், அந்த நாற்காலியில் உட்கார்ந்து. அப்போதும் இதே ரூம் ஃப்ரெஷ்னர் வாசனை, அதற்கு அடியில் அதே சுண்ணாம்பும் பச்சைத் தோலும். தொட்டிகளில் ஆள் இறங்குவதுண்டா என்று ஒரு பெண் கேட்டாள், தோல் வாங்கும் ஜெர்மன் கம்பெனி அனுப்பிய பெண். இவர் இல்லை என்றார். நான் இல்லை என்றேன். இரண்டு இல்லை. அவள் ஒன்றைத்தான் எழுதிக்கொண்டாள். வீட்டில் சாப்பாடு வைக்கும்போது என்ன வேண்டும் என்று மனைவி கேட்டால் எனக்குச் சில சமயம் பதில் வர நேரமாகிறது. முதலில் யாராவது சொல்லட்டும் என்று காத்திருக்கிறேன்போல. உல்ரிக்கேவிடம் வந்தபோது சந்தோஷமாக இருந்தது, இங்கே யாருக்காகவும் பேச வேண்டாம், கேட்டால் போதும் என்று. கேட்பது சுத்தமான வேலை என்று நினைத்தேன்.

பதிவில் இருக்கிறதே, அது போதாதா. வராந்தாவில் பேசியது எல்லாம் இருக்கிறது, தேதியோடு, நேரத்தோடு. ஏழு மணிக்கு உல்ரிக்கே கேட்பார். நான் வரி வரியாகச் சொல்வேன். அவர் பேனா நின்றுபோகும். அதற்குள் காகிதம் வேலூருக்குக் கிளம்பியிருக்கும், தொழிற்சாலை ஆய்வாளர் மேசைக்கு, கூரியரில் இன்றைக்கே அனுப்பிவிடுகிறேன் என்று பரந்தாமன் வக்கீலிடம் சொல்லியிருக்கிறார். பரவாயில்லை, படம் இருக்கிறது. படத்தில் முதலில் வராந்தா, காலி வராந்தா, குரல் மட்டும். பிறகு இந்த அறை. பார்க்கிறவர்களுக்கு எல்லாம் தெரியும், அவளுக்கு மட்டும் தெரியாது. ஒரு மனுஷி ஒரு காகிதத்தை நோக்கிக் கையைக் கொண்டுபோகிறாள். இரண்டு வருடம் கழித்து எங்கோ இருட்டில் முந்நூறு பேர் மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். யாரும் இருமக்கூட மாட்டார்கள். இதை நினைக்கும்போதே என் விரல் தானாக நவநீதத்தின் மைக்கைக் கொஞ்சம் ஏற்றிவிடுகிறது. அவள் மூச்சு இன்னும் தெளிவாகக் கேட்கிறது, மூக்கடைத்த மூச்சு, அழுது அழுது அடைத்தது. நல்ல சத்தம். நல்ல சத்தம் என்றுதான் நினைத்தேன், அந்த வார்த்தையேதான் வந்தது. அப்போதுதான் தெரிகிறது, உல்ரிக்கேவின் கண்ணாடிக்குப் பயந்து மட்டும் நான் உட்கார்ந்திருக்கவில்லை. எனக்குள் ஒன்று அந்தக் கை இறங்கட்டும் என்று காத்திருக்கிறது. இறங்காவிட்டால் காட்சி இல்லை. இதை ஏழு மணிக்கு எந்த மொழியில் சொல்வேன்? இது பதிவில் இல்லை. தொட்டிக்குள் இறங்கச் சொன்ன சூப்பர்வைசருக்கும் அடைப்பு எடுபட்டாக வேண்டும் என்பதுதானே இருந்திருக்கும். கெட்ட எண்ணமா அவனுக்கு? வேலை ஆகவேண்டும். சீ, அது வேறு இது வேறு. வேறுதான். வேறு என்பதற்கு ஒரு காரணம் கிடைக்காமல் அந்த இடத்தையே சுற்றிச் சுற்றி வருகிறேன், அதற்குள் பரந்தாமன் இழுப்பறையைத் திறந்துவிட்டார்.

மை டப்பா காய்ந்துகிடக்கிறது. விரலால் அழுத்திப் பார்த்துவிட்டு, தண்ணீர் பாட்டில் மூடியில் நாலு சொட்டு எடுத்து அதில் விடுகிறார். தேய்க்கிறார். ஊறட்டும் என்கிறார். ஊற நேரம் வேண்டும். இந்த நேரம் எனக்காகக் கொடுத்தது என்று ஒரு கணம் தோன்றுகிறது, பிறகு ஒன்றும் தோன்றவில்லை. "பேரெழுதக் கத்துக்கக் கூடாதாம்மா, இந்தக் காலத்துல" என்கிறார் பரந்தாமன் தேய்த்துக்கொண்டே. "அறிவொளில சொல்லிக் குடுத்தாங்க சார், நவ வரைக்கும் வந்துச்சு. நீ தம் எல்லாம் எழுதறதுக்குள்ள டீச்சருக்குக் கல்யாணம் ஆய்ப்போச்சு." அவளுக்கே சிரிப்பு வந்துவிடுகிறது, கோதண்டம்கூடச் சிரிக்கிறான், பரந்தாமன் பலமாகச் சிரிக்கிறார். ஊசிகள் மூன்றும் துள்ளுகின்றன. கணவன் செத்துப் பத்தாவது நாள் சிரித்துவிட்டோமே என்று உடனே தலைப்பால் வாயை மூடிக்கொள்கிறாள். புடவை மைக்கில் உரசிப் பெரிய மழைபோல ஒரு இரைச்சல் என் காதில். இரைச்சலுக்குள்ளிருந்து அவள் குரல், "இதெல்லாம் ரெக்கார்டு ஆவுதில்ல சார்?" "ஆவுதும்மா. எல்லாம் ஓப்பனா நடக்கணும்னுதான் இவங்கள ஒக்காரவெச்சிருக்கேன். ஜெர்மனிலேர்ந்து வந்து பாக்கறாங்க. அவங்க எதுருல பொய் எழுதுவனா நானு?" அவள் திரும்பி கேமராவைப் பார்க்கிறாள், கம்பில் தொங்குகிற மைக்கைப் பார்க்கிறாள், சிவப்பு விளக்கைப் பார்க்கிறாள். தோள் இறங்குகிறது. வந்ததிலிருந்து விறைத்துக்கொண்டிருந்த தோள். எனக்குப் புரிந்துவிட்டது. நாங்கள் இருப்பதால் பயமில்லை அவளுக்கு. நாங்கள் அரசாங்கம் அனுப்பியவர்கள் என்று நினைக்கிறாளோ, கோர்ட்டு என்று நினைக்கிறாளோ, இத்தனை மெஷின் வைத்துக்கொண்டு ஒருவன் கேட்டுக்கொண்டிருக்கும்போது தப்பு நடக்காது என்று நினைக்கிறாள். நாங்கள் இல்லாவிட்டால் இன்னும் மூன்று தடவை கேட்டிருப்பாள். படிக்கத் தெரிந்த யாரையாவது கூட்டிக்கொண்டு வருகிறேன் என்றுகூடச் சொல்லியிருப்பாள். மேசை நாற்காலி மாதிரி இருக்கிறோம் என்று நாங்கள் நினைத்துக்கொண்டிருந்தோம்.

பரந்தாமன் முதல் பக்கத்தைப் புரட்டி, இரண்டாவது பக்கத்தின் மேல்பாதியை மடித்து, மடிப்பின் மேல் பேப்பர்வெயிட்டை வைக்கிறார். கீழே வெள்ளையாக ஒரு இடம், பென்சிலில் ஒரு பெருக்கல் குறி. அவளுடைய இடது கையைப் பிடிக்கிறார், விட்டுவிடுகிறார். கேமரா இருப்பது நினைவு வந்திருக்கும். "நீயே வெய்ம்மா. நான் புடிச்சி வெச்சேன்னு இருக்கக் கூடாது." அவள் கட்டைவிரலை மையில் உருட்டுகிறாள். ஊதா. தூக்குகிறாள். காகிதத்துக்குப் போகாமல் கை நடுவில் நிற்கிறது. நிமிர்ந்து என்னைப் பார்க்கிறாள். பரந்தாமனை இல்லை, தம்பியை இல்லை, என்னை. "அண்ணா" என்கிறாள். இடது காதில் ஒரு அண்ணா, புடவைத் தலைப்பிலிருந்து. வலது காதில் அதே அண்ணா கொஞ்சம் தள்ளி, கம்பிலிருந்து. "நீங்க படிச்சவரு. மொதல்லேர்ந்து எல்லாம் கேட்டுக்கினே கீறீங்க. கரீட்டாதான கீது? வெச்சிரலாமாண்ணா?" மறுப்பு சொல்லக்கூட வேண்டாம். சும்மா அவளைத் திருப்பிப் பார்த்தாலே போதும், என் முகத்தில் இருப்பதை அவள் படித்துவிடுவாள், அதற்கு எழுத்துத் தெரிய வேண்டியதில்லை. இது எல்லாம் எனக்கு அப்புறம் தோன்றியது. அந்த நேரத்தில் ஒன்றும் தோன்றவில்லை. ஒருவர் என்னைப் பார்க்கிறார். மூன்று வாரமாக ஒருவர் என்னைப் பார்த்தால் என்ன செய்வேனோ அதைக் கழுத்து செய்தது. குனிந்து ரெக்கார்டரைப் பார்த்தேன். குனிந்த பிறகுதான் தெரிந்தது, எதிரே இருக்கிறவளுக்கு அது எப்படி இருந்திருக்கும் என்று. ஒருவன் தலையை மெல்ல கீழே இறக்கினான். ஆமாம் என்கிறவன் அதைத்தான் செய்வான். நிமிர்வதற்குள் காதில் கேட்டுவிட்டது. காகிதத்தில் விரல் அழுந்துவதற்குப் பெரிய சத்தம் கிடையாது. ஆனால் கேட்டது.

உல்ரிக்கே கேமராவை நிறுத்தவில்லை. இன்னும் ஒரு நிமிடம் அவள் விரலிலேயே நின்றார். பிறகு சிவப்பு விளக்கு அணைந்தது. என் பக்கம் திரும்பினார். அவர் கண் கலங்கியிருந்தது. என்ன நடந்தது என்று தெரியாமலே கலங்கியிருந்தது. ஒரு விரலைத் தூக்கிக் காட்டினார். எந்த இடத்தில் எடுத்தாலும் கடைசியில் இது உண்டு: அந்த இடத்தின் வெறும் சத்தம் ஒரு நிமிடம். ஃபேன், தூரத்து டிரம், ஆட்கள் பேசாமல் இருக்கும்போது ஒரு அறை எப்படிக் கேட்கிறதோ அது. எடிட்டிங்கில் வெட்டின இடங்களை அதை வைத்துத்தான் ஒட்டுவார்கள். ஆட்களிடம் அதைக் கேட்பது என் வேலை, படப்பிடிப்பு நடக்கும் இடத்தில் நான் வாய் திறந்து கேட்கிற ஒரே விஷயம். "ஒரு நிமிஷம் எல்லாரும் இருந்த இடத்துலயே இருங்க" என்றேன். குரல் நன்றாகத்தான் வந்தது. "அசையாதீங்க. பேசாதீங்க. நான் போதும்னு சொல்ற வரைக்கும்." பரந்தாமனுக்கு இது பழக்கம், போன வாரம் டிரம் பக்கத்தில் நின்றிருக்கிறார். காகிதத்தை எடுக்கப்போன கையை மேசைமேல் வைத்துக்கொண்டார். கோதண்டம் அட்டென்ஷனில் நின்றான். நவநீதம் மைவிரலை எதிலும் படாமல் தூக்கிப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தாள். துடைக்கலாமா என்று கேட்கக்கூட இல்லை. அசையாதே என்று சொல்லிவிட்டேனே. ரெக்கார்டரில் எண்கள் ஓடின. பத்து. இருபது. காகிதம் மேசையில்தான் இருந்தது. அறையில் எல்லாரும் வாயை மூடிக்கொண்டு, காதைத் திறந்துகொண்டு, என் சொல்லுக்காக உட்கார்ந்திருந்தார்கள். நாற்பது. ஐம்பது. என் பிறவியில் இத்தனை பேர் என் சொல்லுக்காகக் காத்திருந்ததில்லை. அறுபது வந்தது, போனது. நான் போதும் என்று சொல்லவில்லை. சொல்லாதவரைக்கும் காகிதம் அங்கேயே இருக்கும் என்பது மட்டும்தான் எனக்குத் தெரிந்தது, அதற்கு மேல் ஒன்றும் தெரியவில்லை. எண்பது. தொண்ணூறு. உல்ரிக்கே லேசாகத் திரும்பிப் பார்த்தார். டிரம் எங்கோ சுற்றிக்கொண்டிருந்தது, யாரோ அதன் பக்கத்தில் நின்றுகொண்டிருப்பார்கள். நூற்றிருபது. ரெண்டாவது பக்கத்தையும். நாக்கு மடங்கியது. நவநீதத்தின் மூச்சு இடது காதில் சீராக வந்துகொண்டிருந்தது, பத்து நாளில் முதல்முறையாக நிம்மதியான மூச்சு, நான் சொன்னபடி கேட்டு சத்தமில்லாமல் விடுகிற மூச்சு. நூற்றைம்பது. நூற்று எழுபது. பரந்தாமன் புருவத்தைத் தூக்கி, உதட்டைக் கூட்டி, ஒரு குழந்தையிடம் கேட்பதுபோல மெதுவாகக் கேட்டார்.

"ஆச்சா தம்பி?"

"ஆச்சு" என்றேன்.

காகிதம் ஃபைலுக்குள் போனது. நவநீதம் கட்டைவிரலைத் தலைமுடியில் துடைத்துக்கொண்டு எழுந்தாள்.